சிரிப்பின் கணக்கில் விடுபட்ட பெயர்

1914ஆம் ஆண்டு ஜூன் 20ஆம் நாள் அமெரிக்காவில் ஓர் ஊமைப்படம் வெளியானது. ஏறத்தாழ கால்மணி நேரத்தில் முடிந்துவிடும் அந்தச் சிரிப்புப் படத்தின் பெயர் 'மேபல்ஸ் மேரீட் லைஃப்'. மேபலின் மணவாழ்க்கை என்று பொருள். பூங்காவில் இளம் மனைவி தனித்திருக்கும் நேரம் பார்த்து ஒரு பருத்த மனிதன் அவளிடம் வந்து குழைகிறான். திரும்பி வரும் குள்ளக் கணவன் அவனை உதைக்கிறான், அடிக்கிறான். மலைபோல் நிற்கும் அந்த மனிதனுக்கு எதுவும் உறைப்பதில்லை. கணவனுக்கு வீரம் போதாது என்று கண்ட மனைவி, குத்துச்சண்டைப் பயிற்சிக்கான ஆளுயரப் பொம்மை ஒன்றை விலைக்கு வாங்கி வீட்டுக்கு அனுப்பச் செய்கிறாள். குடிமயக்கத்தில் வீடு திரும்பும் கணவன், அரையிருட்டில் நிற்கும் பொம்மையைத் தன் போட்டியாளன் என்றே நம்பிவிடுகிறான். வெளியே போகச் சொல்லி வாதிடுகிறான், பிடித்துத் தள்ளுகிறான். தஞ்சாவூர்ப் பொம்மையைப் போலச் சாய்ந்து நிமிரும் அது, தள்ளிய வேகத்திலேயே திரும்பி வந்து அவனை வீழ்த்துகிறது. பொறாமை கொண்ட மனிதன் உயிரற்ற ஒன்றோடு போரிட்டுத் தோற்கும் அந்தக் காட்சி, நூறாண்டுகள் கடந்த பின்னும் சிரிக்க வைக்கிறது.

அந்தக் கணவனாக நடித்தவர் யார் என்று பள்ளிச் சிறுவனும் சொல்லிவிடுவான்: சார்லி சாப்ளின். மனைவியாக நடித்தவர் யார்? படத்தின் பெயரிலேயே அவர் பெயர் இருக்கிறது. ஆயினும், திரைப்பட வரலாற்றில் ஆர்வமுள்ள சிலரைத் தவிர மற்றவர்களுக்கு அந்தப் பெயர் எதையும் நினைவூட்டுவதில்லை. மேபல் நார்மண்ட் என்ற அந்தப் பெண், ஊமைப்பட உலகின் முதல் நகைச்சுவை நாயகியர் வரிசையில் முன்நின்றவர். தம் படங்களைத் தாமே இயக்கியவர். 37ஆம் வயதில் காசநோய்க்குப் பலியானவர்.

முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கல்லூரியில் பொருளியல் கற்பித்தவன் நான். பலர் சேர்ந்து ஒரு பொருளை உருவாக்கும்போது, அதன் வருவாயில் யாருக்கு எவ்வளவு உரியது என்று எப்படி முடிவு செய்வது என்பது எங்கள் துறையின் பழைய சிக்கல்களுள் ஒன்று. இருவர் சேர்ந்து ஒரு மூட்டையைத் தூக்கினால், ஒவ்வொருவர் தூக்கியது எவ்வளவு என்று தனித்தனியே அளக்க இயலாது. அளக்க இயலாத இடத்தில் பேரம் பேசும் வலிமையும், பெயர்ப் பதிவும், சமூகத்தின் முன்முடிவும் பங்கைத் தீர்மானிக்கின்றன. இந்தப் பாடத்துக்குத் தொழிற்சாலைகளிலிருந்து எத்தனையோ எடுத்துக்காட்டுகளைக் கூறியிருக்கிறேன். ஆனால், மேபல் நார்மண்டின் வாழ்க்கையைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு ஒன்றை நான் கண்டதில்லை.

நியூயார்க் நகரின் ஒரு பகுதியான ஸ்டேட்டன் தீவில் 1892ஆம் ஆண்டு நவம்பர் மாதம் எளிய குடும்பம் ஒன்றில் மேபல் பிறந்தார். தந்தை பிரெஞ்சு வழியினர். தாய் அயர்லாந்து வழியினர். முறையான கல்வி அதிகம் வாய்க்கவில்லை. பதின்ம வயதிலேயே வேலைக்குச் சென்றார். விரைவில் ஓவியர்களுக்கு முன்மாதிரியாக அமர்ந்து கூலி பெறலானார். அக்காலத்து அமெரிக்கப் பத்திரிகைகளின் அட்டைகளை அலங்கரித்த அழகியரை வரைந்த சார்லஸ் டானா கிப்சனும் அவரை வரைந்தவர்களுள் ஒருவர். மணிக்கணக்கில் அசையாமல் அமர்ந்திருப்பது அந்த வேலை. ஓடவும் குதிக்கவும் துடித்த ஒரு பெண்ணுக்கு அது எத்தகைய தண்டனையாக இருந்திருக்கும் என்பதை அவருடைய படங்களைப் பார்த்தவர்கள் ஊகித்துக்கொள்ளலாம்.

திரைப்படம் அப்போது தவழும் குழந்தை. ஐந்து சென்ட் கொடுத்தால் உள்ளே சென்று சில குறும்படங்களைப் பார்க்கலாம். பார்வையாளர்களில் பெரும்பகுதியினர் தொழிலாளர்கள். அவர்களுள் பலர் ஆங்கிலம் அறியாத குடியேறிகள். படத்தில் பேச்சு இல்லாதது குறையாக அல்லாமல் வணிகத்துக்கு வாய்ப்பாகவே அமைந்தது. சொல் தேவைப்படாத சிரிப்பு எந்த நாட்டுச் சந்தையிலும் விலைபோகும் சரக்கு. நடிப்பது மதிப்புக் குறைந்த தொழிலாகக் கருதப்பட்டதால், போட்டி குறைவு, நுழைவது எளிது. வைட்டாகிராஃப் நிறுவனத்திலும், பின்னர் டி.டபிள்யூ. கிரிஃபித் கோலோச்சிய பயோகிராஃப் நிறுவனத்திலும் மேபல் நடித்தார். பயோகிராஃபில் கனடாவிலிருந்து வந்த மேக் சென்னட் என்ற நடிகரைச் சந்தித்தார். கிரிஃபித்தின் உருக்கமான கதைகளில் ஈடுபாடில்லாத சென்னட், மக்களைச் சிரிக்க வைத்தே பொருள் ஈட்ட முடியும் என்று நம்பியவர்.

1912இல் சென்னட்டைத் தலைவராகக் கொண்டு கீஸ்டோன் நிறுவனம் தொடங்கப்பட்டது. முதலீடு நியூயார்க்கைச் சேர்ந்த ஆடம் கெசல், சார்லஸ் பாமன் ஆகியோருடையது. சென்னட்டுடன் கலிபோர்னியாவுக்குச் சென்ற சிறு குழுவில் மேபலும் ஒருவர். லாஸ் ஏஞ்சலிஸின் எடன்டேல் பகுதியில் படப்பிடிப்புத் தளம் அமைந்தது. அவ்வாண்டு செப்டம்பர் 23ஆம் நாள் வெளியான கீஸ்டோனின் முதல் வெளியீட்டிலேயே, நீச்சல் உடையில் நீரில் பாயும் பெண்ணாக மேபல் தோன்றினார். அன்று முதல் வாரந்தோறும் படங்கள். முழுமையான கதையேடு கிடையாது. ஒரு பூங்கா, ஓர் ஏரி, ஒரு மோட்டார் வண்டி, ஒரு காவலர் கூட்டம் கிடைத்தால் போதும், படம் பிறந்துவிடும். மேபல் குதிரையிலிருந்து விழுந்தார், ஏரியில் தள்ளப்பட்டார், சேற்றில் உருண்டார். மாற்றுக் கலைஞர் என்ற ஏற்பாடு பெரும்பாலும் இல்லை.

இங்கே ஒரு செய்தியைக் கவனிக்க வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன்புவரை நடிகர்களின் பெயரை வெளியிட்டால் ஊதியம் கூடுதலாகக் கேட்பார்கள் என்று அஞ்சிய நிறுவனங்கள் இருந்தன. அத்தகைய துறையில் மேபலின் பெயர் படத்தின் தலைப்பிலேயே இடம்பெறத் தொடங்கியது. பெயருக்கு விலை ஏற்பட்டுவிட்டது என்பதே இதன் பொருள். 1913இன் இறுதியில் தம் படங்களை இயக்கும் பொறுப்பும் அவருக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது 21. பெண்கள் வாக்களிக்கும் உரிமையை அமெரிக்க அரசமைப்புச் சட்டம் உறுதி செய்ய இன்னும் ஆறேழு ஆண்டுகள் இருந்தன.

அந்த நேரத்தில்தான் இங்கிலாந்தின் இசையரங்க மேடைகளில் பயின்ற சாப்ளின் கீஸ்டோனுக்கு வந்து சேர்ந்தார். வாரம் 150 டாலர் ஊதியம். 1914 பிப்ரவரியில் வெளியான 'மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் பிரெடிகமென்ட்' என்ற படத்தின் படப்பிடிப்பில்தான் தொளதொளத்த கால்சட்டை, இறுகிய மேலங்கி, வட்டத் தொப்பி, கைத்தடி, குறுமீசை என்ற அந்த உலகப் புகழ்பெற்ற நாடோடி உருவம் முதன்முதலாகக் கேமராவின் முன் வந்து நின்றது. இரண்டு நாள் முன்னதாக வேறொரு படம் வெளியாகிவிட்டாலும், படமாக்கப்பட்டதில் இதுவே முந்தியது. அதன் இயக்குநர் மேபல் நார்மண்ட். கதையும் நம் தலைப்புக்கு உரியதே: இரவுடையில் விடுதி அறைக்கு வெளியே மாட்டிக்கொண்ட ஒரு பெண், குடிகாரன் ஒருவனிடமிருந்து தப்பி, அடுத்த அறைத் தம்பதியரின் கட்டிலுக்கடியில் ஒளிகிறாள், அந்த வீட்டு மனைவியின் பொறாமை வெடிக்கிறது, ஒளிந்திருந்தவளைக் காதலிப்பவனும் சந்தேகத்தில் கொதிக்கிறான். திருமணமும் பொறாமையும் மோதும் இந்தச் சிறு கதையின் ஓரத்திலிருந்துதான் இருபதாம் நூற்றாண்டின் மாபெரும் நகைச்சுவைப் பாத்திரம் எழுந்து நடந்தது.

இருவருக்கும் இடையே உடனே இணக்கம் ஏற்படவில்லை. 'மேபல் அட் தி வீல்' என்ற படத்தை மேபல் இயக்கியபோது, தம்மைவிட வயதில் இளைய பெண்ணின் கட்டளைக்குப் பணிய சாப்ளினுக்கு மனம் வரவில்லை. தாம் கூறிய நகைச்சுவைத் துணுக்கை அவர் ஏற்கவில்லை என்று சாலையோரத்தில் அமர்ந்து வேலைநிறுத்தம் செய்தார். இதைத் தம் தன்வரலாற்றில் சாப்ளினே விவரித்திருக்கிறார். ஓர் இயக்குநராக மேபலின் தகுதியில் தமக்கு ஐயம் இருந்ததையும் அவர் அதில் மறைக்கவில்லை. சென்னட் சினங்கொண்டார், சாப்ளினை நீக்கிவிடும் எண்ணமும் இருந்தது. ஆனால், நியூயார்க் அலுவலகத்திலிருந்து ஒரு தந்தி வந்தது: சாப்ளின் படங்களுக்குத் தேவை பெருகுகிறது, மேலும் அனுப்புக. தேவை என்ற ஒற்றைச் சொல் தகராறைத் தீர்த்து வைத்தது. விரைவில் சாப்ளின் தம் படங்களைத் தாமே இயக்கலானார்.

பகை நீடிக்கவில்லை என்பதே இந்த வரலாற்றின் அழகு. அடுத்த சில மாதங்களில் இருவரும் சேர்ந்து நடித்த படங்களில் ஒருவர் உடலசைவுக்கு மற்றவர் விடையளிப்பதைக் காணலாம். தொடக்கத்தில் நான் குறிப்பிட்ட 'மேபலின் மணவாழ்க்கை' அந்த ஒற்றுமையில் விளைந்த கனி. அதன் கதையாக்கத்தில் இருவருக்கும் பங்குண்டு என்று பதிவாகியிருக்கிறது. அந்தப் படத்தைப் பேரக் குழந்தைகளோடு கணினித் திரையில் பார்த்தபோது நான் ஒன்றைக் கவனித்தேன். சாப்ளின் வீட்டுக்கு வருவதற்கு முன்பே, மேபல் தனியாகப் பொம்மையோடு விளையாடி, அதைக் குத்தி, அதனிடம் அடி வாங்குகிறார். பொம்மை திருப்பி அடிக்கும் என்பதை நமக்குக் கற்றுத் தருபவர் அவர். அந்தப் பாடம் மனத்தில் இருப்பதால்தான், பின்னர் சாப்ளின் அதனோடு மோதும்போது நாம் முன்கூட்டியே சிரிக்கத் தொடங்குகிறோம். குழந்தைகள் சிரித்தது சாப்ளினைப் பார்த்து. சிரிப்புக்கான விதையை ஊன்றியவர் மேபல். இருவர் தூக்கிய மூட்டை என்று நான் சொன்னது இதைத்தான்.

அதே ஆண்டு செப்டம்பரில் மேபல் எழுதி இயக்கி நடித்த 'மேபல்ஸ் ப்ளண்டர்' வெளியானது. அலுவலகத்தில் பணிபுரியும் ஒரு பெண், முதலாளியின் மகனுக்கு நிச்சயிக்கப்பட்டவள். அந்த முதலாளிக்கும் அவள்மீது ஒரு கண். ஒருநாள் வேறொரு பெண் வந்து தன் வருங்காலக் கணவனை அன்போடு தழுவுவதைக் கண்டு துணுக்குறுகிறாள். ஆண் வேடமிட்டு, காரோட்டியாக மாறி அவர்களைப் பின்தொடர்கிறாள். இறுதியில் அந்தப் பெண் அவனுடைய சொந்தச் சகோதரி என்று தெரியவருகிறது. பொறாமைக்கு ஆதாரம் தேவையில்லை, ஒரு காட்சி போதும் என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. கலைத் தகுதியும் வரலாற்று மதிப்பும் கருதி அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்கும் திரைப்படங்களின் தேசியப் பட்டியலில் 2009ஆம் ஆண்டு இப்படம் சேர்க்கப்பட்டது. இயக்குநர் மேபலுக்கு அந்த மரியாதை கிடைக்க 95 ஆண்டுகள் ஆயின.

1914 ஐரோப்பாவில் பெரும் போர் தொடங்கிய ஆண்டு. அதுவரை உலகத் திரைச் சந்தையில் ஓங்கியிருந்த பிரெஞ்சு நிறுவனங்கள் போரால் நிலைகுலைந்தன. அந்த வெற்றிடத்தை அமெரிக்கப் படங்கள் நிரப்பின. பண வெள்ளம் கலிபோர்னியாவை நோக்கிப் பாய்ந்தது. 1915இல் வேறு நிறுவனத்துக்குச் சென்ற சாப்ளினின் ஊதியம் வாரம் 1,250 டாலர். 1916இல் மற்றொரு நிறுவனத்தில் வாரம் 10,000 டாலர். இரண்டே ஆண்டுகளில் அறுபது மடங்குக்கும் மேற்பட்ட உயர்வு. அவருடைய மேதைமைக்கு அது உரியதே என்பதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால், அவர் தம் படங்களின் இயக்குநராக, பின்னர் உரிமையாளராக உயர்ந்த அதே காலத்தில், அவருக்கு முன்பே இயக்குநராக இருந்த மேபல் வெறும் நடிகையாகத் திரும்பிக்கொண்டிருந்தார்.

தனிவாழ்விலும் புயல் வீசியது. சென்னட்டும் மேபலும் மணம் செய்துகொள்வார்கள் என்று அனைவரும் எதிர்பார்த்தனர். 1915இல் மேபல் தலையில் காயமுற்றுப் பல நாள் படுக்கையில் கிடந்தார். படப்பிடிப்பில் நேர்ந்த விபத்து என்று ஒரு சாராரும், சென்னட்டை வேறொரு நடிகையுடன் கண்டதால் மூண்ட பூசலின் விளைவு என்று மற்றொரு சாராரும் கூறினர். திருமணம் நடைபெறவில்லை. திரையில் கால்மணி நேரத்தில் சமாதானமாகிவிடும் பொறாமை, வாழ்வில் ஒரு நீண்ட உறவைக் குலைத்துவிட்டது. அதன் பிறகும் இருவரும் தொழில்முறையில் சேர்ந்து பணியாற்றினர் என்பது அந்தக் காலத்துத் திரையுலகின் வினோதம்.

1916இல் அவர் பெயரிலேயே ஒரு தயாரிப்பு நிறுவனம் உருவானது. அதன் ஒரே படமான 'மிக்கி' எடுத்து முடிக்கப்பட்டும் வெளிவராமல் கிடந்தது. 1918 ஆகஸ்டில் அது வெளியானபோது நாடெங்கும் பெருவெற்றி பெற்றது. அதன் பெயரில் எழுதப்பட்ட பாட்டின் இசைத்தாள்கள் மேபலின் படத்தை அட்டையில் தாங்கி வீடுதோறும் சென்றன. ஆனால், அதற்குள் மேபல் சாமுவேல் கோல்ட்வினின் நிறுவனத்தில் ஊதியத்துக்கு நடித்துக்கொண்டிருந்தார். நிறுவனத்தின் பெயர்ப் பலகையில் ஒருவர் பெயர் இருப்பது வேறு. அதன் பங்குகள் அவர் கையில் இருப்பது வேறு.

அன்றைய திரைத்துறையின் போக்கையும் இங்கே கருத வேண்டும். தொழில் சிறியதாக இருந்தபோது அலிஸ் கீ தமக்கென ஒரு படநிறுவனமே நடத்தினார். லோயிஸ் வெபர் முன்னணி இயக்குநராகத் திகழ்ந்தார். 1919இல் ஃபேமஸ் பிளேயர்ஸ்-லாஸ்கி நிறுவனத்துக்காக வால் தெருவின் கூன் லோப் வங்கி ஒரு கோடி டாலர் திரட்டிக் கொடுத்தது. பெருமுதல் வந்ததும், வேலைகள் வகுக்கப்பட்டன, பொறுப்புகள் படிநிலையாயின, இயக்குநர் நாற்காலி ஆண்களுக்கு உரியதாயிற்று. 1920களின் முடிவில் பெரிய நிறுவனங்களில் தொடர்ந்து படம் இயக்கிய பெண் என்று சொல்ல டோரதி ஆர்ஸ்னர் ஒருவரே எஞ்சினார். தொழில் வளரும்போது வாய்ப்பும் வளரும் என்று பாடநூல்கள் கூறுகின்றன. யாருக்கு என்ற கேள்வியையும் சேர்த்தே கேட்க வேண்டும் என்பதற்கு இந்தத் துறை ஒரு சான்று.

அடுத்து வந்தவை அவதூறின் ஆண்டுகள். மேபலுடன் பல படங்களில் இணைந்து நடித்த ராஸ்கோ ஆர்பக்கிள், 1921 செப்டம்பரில் சான் பிரான்சிஸ்கோ விருந்து ஒன்றுக்குப் பின் ஓர் இளம் நடிகை இறந்த வழக்கில் கைதானார். மூன்று முறை விசாரணை நடந்தது. 1922 ஏப்ரல் 12ஆம் நாள் குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டார். ஆறு நாள்களில், திரைத்துறையின் ஒழுக்கக் காவலராக நியமிக்கப்பட்டிருந்த வில் ஹேஸ் அவர் படங்களுக்குத் தடை விதித்தார். இதற்கிடையே நடிகர்களின் ஒப்பந்தங்களில் ஒழுக்கப் பிரிவு என்ற புதிய நிபந்தனை நுழைந்தது. நடிகரின் நற்பெயருக்கு ஊறு நேர்ந்தால் நிறுவனம் ஒப்பந்தத்தை முறித்துக்கொள்ளலாம். பொருளியல் மொழியில் சொன்னால், வதந்தியால் விளையும் இழப்பின் சுமை முதலாளியிடமிருந்து தொழிலாளியின் தோளுக்கு மாற்றப்பட்டது. இலாபத்தில் பங்கு கேட்க வழியில்லாதவர்கள் இழப்பை முழுமையாக ஏற்க வேண்டியவர்களானார்கள்.

1922 பிப்ரவரி 1ஆம் நாள் மாலை மேபல் தம் நண்பரான இயக்குநர் வில்லியம் டெஸ்மண்ட் டெய்லரின் இல்லத்துக்குச் சென்றார். நூல்கள் வாசிப்பதில் இருவருக்கும் ஈடுபாடு. சிறிது நேரம் உரையாடிவிட்டு விடைபெற்றார். டெய்லர் வண்டி வரை வந்து வழியனுப்பினார். மறுநாள் காலை டெய்லர் சுட்டுக் கொல்லப்பட்டுக் கிடந்தார். அந்தக் கொலை இன்றுவரை துலங்கவில்லை. காவல்துறை மேபலைக் குற்றவாளியாகக் கருதவில்லை. ஆனால், கடைசியாகப் பார்த்தவர் என்ற ஒரே காரணம் பத்திரிகைகளுக்குப் போதுமானதாக இருந்தது. காதல், பொறாமை, போட்டி என்று நாளொரு கதை பிறந்தது. கீஸ்டோன் படங்களில் பார்வையாளர்கள் சிரித்து மகிழ்ந்த அதே கதை முடிச்சுகளை, இப்போது அவர்களே உண்மைச் செய்தியாக வாங்கிப் படித்தனர்.

1924ஆம் ஆண்டின் முதல் நாளே மற்றோர் இடி. செல்வந்தரான நண்பர் ஒருவரின் வீட்டில் மேபல் இருந்தபோது, அவரை அழைத்துச் செல்ல வந்த காரோட்டி அந்த நண்பரைத் துப்பாக்கியால் சுட்டார். துப்பாக்கி மேபலுடையது. சுடப்பட்டவர் உயிர் பிழைத்தார். மேபல் சுடவுமில்லை, சுடச் சொல்லவுமில்லை. ஆயினும், அப்போது ஓடிக்கொண்டிருந்த அவருடைய 'தி எக்ஸ்ட்ரா கேர்ள்' படத்தைத் திரையிடச் சில இடங்களில் மறுப்பு எழுந்தது. அப்போது அந்த வீட்டில் இருந்த எட்னா பர்வியன்ஸ், சாப்ளினின் நெடுநாள் நாயகி. அவருடைய திரைவாழ்வும் அதன் பிறகு மங்கியது. தண்டனை பெற்றவர்கள் இருவருமே பெண்கள் என்பதை நான் தற்செயல் என்று கருதவில்லை. அதே பத்தாண்டில் சாப்ளினின் திருமணமும் மணமுறிவும் தலைப்புச் செய்திகளாயின. அவர் துன்புற்றார், ஆனால் தொழிலை இழக்கவில்லை. தம் படங்களின் உரிமை அவர் கையில் இருந்தது.

மேபல் எதிர்த்து நிற்க முயன்றார். 1925இல் மேடை நாடகத்துக்குச் சென்றார், அது நிலைக்கவில்லை. 1926இல் ஹால் ரோச் நிறுவனத்தில் மீண்டும் குறும்படங்களுக்கு வந்தார். 'ரேகடி ரோஸ்' முதலிய அப்படங்களின் ஆக்கத்தில் பங்கேற்றோருள், பின்னாளில் ஆலிவர் ஹார்டியுடன் இணைந்து உலகைச் சிரிக்க வைத்த ஸ்டான் லாரலும் உண்டு. அவ்வாண்டு செப்டம்பரில் நடிகர் லூ கோடியை மேபல் மணந்தார். விருந்தொன்றின் முடிவில் விளையாட்டாகத் தொடங்கிய பேச்சு, விடியுமுன் திருமணமாக முடிந்தது. பின்னரும் பெரும்பாலும் தனித்தனி இல்லங்களிலேயே இருவரும் வாழ்ந்தனர். 1927இல் வெளியான அவருடைய கடைசிப் படங்களுள் ஒன்றின் பெயர் 'ஒன் அவர் மேரீட்'. ஒரு மணி நேரத் திருமணம். படத்துக்குப் பெயர் வைத்தவர்கள் என்ன நினைத்தார்களோ, காலம் அதைக் கசப்பான நகைச்சுவையாக்கிவிட்டது.

நெடுநாளாக உள்ளிருந்து அரித்த காசநோய் முற்றியது. அந்நாளில் அதற்கு மருந்தில்லை. ஓய்வும் நல்ல காற்றுமே சிகிச்சை. கலிபோர்னியாவின் மன்ரோவியாவில் இருந்த காசநோய் மருத்துவமனையில் பல மாதங்கள் கிடந்து, 1930 பிப்ரவரி 23ஆம் நாள் மேபல் மறைந்தார். திரை அதற்குள் பேசத் தொடங்கிவிட்டது. அவருடைய குரல் ஒரு திரைப்படத்திலும் பதிவாகவில்லை.

இறப்புக்குப் பின் அவர் படங்களுக்கு நேர்ந்ததும் பேச வேண்டிய ஒன்று. எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளில் எடுக்கப்பட்ட ஊமைப்படங்களில் பெரும்பகுதி அழிந்துபோயிற்று. பழைய சுருளைப் பேணுவதைவிட, அதை உருக்கி வெள்ளியைப் பிரித்தெடுப்பது சில நிறுவனங்களுக்கு இலாபமாகத் தோன்றியது. சாப்ளின் என்ற பெயர் இருந்த படங்களுக்கு மறுவெளியீட்டுச் சந்தை இருந்தது, அவை பிழைத்தன. மேபலின் படங்களில் அவருடன் சாப்ளின் நடித்தவை அந்தத் தயவில் தப்பின. மேபலே இயக்கி நடித்த மற்றொரு 1914ஆம் ஆண்டுப் படம் நியூசிலாந்தின் ஆவணக் காப்பகத்தில் கண்டெடுக்கப்பட்ட செய்தி 2010இல்தான் வெளியானது. கப்பலேறிச் சென்ற பிரதியைத் திருப்பி அனுப்பும் செலவு மிகுதி என்பதால், உலகின் கடைக்கோடியில் அமெரிக்கப் படங்கள் பல அங்கேயே தங்கிவிட்டன. அவற்றுள் ஒன்று இது. ஒரு பெண்ணின் படைப்பைக் காத்தது எந்த நிறுவனத்தின் நன்றியுணர்வும் அன்று. சரக்குக் கட்டணம் என்ற வெறும் கணக்கு.

மேபலை மாசற்ற தேவதையாகக் காட்டுவது என் நோக்கம் அன்று. சாப்ளினின் மேதைமையைக் குறைப்பதும் அன்று. நாம் கணக்கெழுதும் முறையைப் பற்றியே என் கவலை. கூட்டாகச் செய்த நன்மையை எழுதும்போது, வலிமையானவரின் பெயரில் முழுத் தொகையையும் வரவு வைக்கிறோம். யாரோ செய்த தீமையை எழுதும்போது, அருகில் நின்ற பெண்ணின் பெயரில் பற்று எழுதுகிறோம். இந்த வழக்கம் 1920களின் கலிபோர்னியாவோடு முடிந்துபோன ஒன்று என்று நாளிதழ் வாசிக்கும் எவரும் சொல்லமாட்டார்கள். இன்றும் ஒரு குற்றச் செய்தியில் ஒரு பெண்ணின் பெயர் அடிபட்டால், விசாரணை தொடங்குமுன் அவருடைய நட்பும் உடையும் புன்னகையும் விசாரிக்கப்பட்டுவிடுகின்றன. விடுவிக்கப்பட்ட செய்தி வரும்போது படிப்பதற்கு ஆள் இருப்பதில்லை.

'மேபல்ஸ் ப்ளண்டர்' படத்தில், தழுவியவள் சகோதரி என்று அறிந்த மறுகணமே நாயகியின் சினம் சிரிப்பாக மாறிவிடுகிறது. தன் சந்தேகம் தவறு என்று ஒப்புக்கொள்ள அவளுக்குச் சில நொடிகளே தேவைப்பட்டன. அந்தக் காட்சியை எழுதி இயக்கிய பெண்ணின்மீது எழுந்த சந்தேகத்தைக் கைவிட, அவரைப் பார்த்துச் சிரித்து மகிழ்ந்த சமூகத்துக்கு அவர் உயிரோடு இருந்த எட்டாண்டுகளும் போதவில்லை.